மாடு கலைக்கிற சத்தம்: மட்டக்களப்பில் ஒரு தற்காப்பு நிகழ்வு ஆய்வு

ஆரையம்பதிக்கும் களுவாஞ்சிகுடிக்கும் இடையில் ஒரு ஊர். பிரதான வீதியில் பஸ்ஸால் இறங்கி வாவிப் பக்கம் திரும்பினால் ஒரு ஒழுங்கை. கொஞ்சத் தூரம் தார், பிறகு கிரவல், அதற்கும் பிறகு மணல். கடைசி வீட்டுக்குப் பத்து நிமிட நடை. நடுவில் ஒரு மதகு, மதகடியில் ஒரு தெருவிளக்கு. சம்பவம் நடந்த நாளில் அந்த விளக்கு எரியவில்லை. அதற்கு முந்திய பல மாதங்களாகவும் எரியவில்லை.

கடைசி வீட்டுக்கு முந்திய வீடு அவளுடையது. வயது 24. மட்டக்களப்பு நகரத்தில் ஒரு புடவைக் கடையில் வேலை. ஏழு மணிக்குக் கடை பூட்டிய பிறகு பஸ் பிடித்து, எட்டு மணிக்குக் கிட்ட இறங்கி நடப்பாள். எங்கள் மாதர் சங்கம் ஒழுங்கு செய்த தற்காப்புப் பயிற்சியில் எட்டுச் சனிக்கிழமையும் தவறாமல் வந்தவள். அந்தப் பயிற்சியை ஒழுங்கு செய்தவர்களில் நானும் ஒருத்தி. அதனால்தான் இதை எழுதுகிறேன். நாங்கள் கொடுத்ததில் எது அவளுக்கு உதவியது, எது உதவவில்லை, எதை நாங்கள் கொடுக்கவே இல்லை என்று அவளோடு பல நாள் உட்கார்ந்து கதைத்துத்தான் இதை எழுதினேன். எழுதியதை அவள் வாசித்தாள். இரண்டு இடத்தைத் திருத்தச் சொன்னாள், திருத்தினேன். ஊரையும் ஆட்களையும் அடையாளம் காட்டும் விபரங்களை விட்டிருக்கிறேன்.

அந்த இரவு

மேற்கிலிருந்து கச்சான் காற்று அடிக்கிற மாதம். பஸ்ஸால் இறங்கியது அவள் மட்டும்தான். கிரவல் தொடங்கும் இடத்தில், மதகுக் கட்டில் ஒரு மோட்டார் சைக்கிள் சாய்த்து நிற்பதைக் கண்டாள். இஞ்சின் நின்றிருந்தது, லைட்டும் இல்லை. பக்கத்தில் ஒரு ஆள்.

அவளுக்கு அவனைத் தெரியும். ஊர்க் கலியாணங்களில் ஓடியாடிச் சாப்பாடு பரிமாறுகிற பெடியன்களில் ஒருவன். தூரத்து உறவு, முறைக்கு அண்ணன். மூன்று கிழமையாக பஸ் தரிப்பிடத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்ததும், இரண்டு முறை பின்னால் மெதுவாக மோட்டார் சைக்கிள் ஓட்டி வந்ததும் அவன்தான்.

நின்றாள். கிட்டத்தட்ட இரண்டு ஆள் நீளம் இடைவெளி இருந்தது. டோர்ச்சை அவன் முகத்துக்கு நேரே அடித்தாள். "அண்ணா, வழிய விடுங்க" என்றாள்.

"ஒரு கதை கதைக்க வேணும். நில்லு."

"இல்ல. நான் போகணும்."

அவன் கிட்ட வந்து இடது மணிக்கட்டைப் பிடித்தான். பிடி கைக்கடிகாரத்தின் மேல் விழுந்தது. கடிகாரப் பட்டியின் கொக்கி தோலுக்குள் ஏறியது அவளுக்கு நல்ல ஞாபகம். அடுத்து நடந்ததை அவள் சொன்ன ஒழுங்கிலேயே தருகிறேன். முதலில் விசிலைத் தேடினாள். கழுத்தில் கயிற்றில் தொங்கியதை வலது கையால் எடுத்து வாயில் வைத்தாள். வாய் காய்ந்து போயிருந்தது, உதடு பிடிக்கவில்லை, விசில் நழுவி விழுந்தது. பெப்பர் ஸ்பிரே பையின் அடியில், சாப்பாட்டுப் பெட்டிக்குக் கீழே கிடந்தது. அதை அவள் நினைக்கவே இல்லை. பிறகுதான் சத்தம் வந்தது: "ஹேய்! அங்கால போ! கைய விடு!"

சத்தம் போட்டபடியே முழங்கையை அவன் பக்கமாக முன்னே தள்ளி, மணிக்கட்டை அவனுடைய பெருவிரல் பக்கம் திருப்பி உருவினாள். கை வந்துவிட்டது, கடிகாரம் அறுந்து விழுந்தது. தன் வீட்டுப் பக்கம் ஓடவில்லை. அங்கே அம்மா மட்டும்தான். வந்த வழியே திரும்பி மூன்றாவது வீட்டுக்கு ஓடினாள். அந்த வீட்டில் இரண்டு நாய், முற்றத்தில் பெரிய லைட். அவள் படலையில் கை வைப்பதற்குள் லைட் எரிந்தது, நாய்கள் குரைத்தன, வீட்டு மாமி "ஆரது?" என்று கேட்டுக்கொண்டே வந்தார். எதிர் வீட்டு லைட்டும் எரிந்தது. மோட்டார் சைக்கிள் வீதிப் பக்கம் போகும் சத்தம் கேட்டது.

எல்லாம் ஒரு தேங்காய் உரிக்கிற நேரம்கூட இல்லை.

அதற்கு முந்திய ஒரு பஸ் பயணம்

இதைச் சொல்லாவிட்டால் கதை பிழையாகப் போய்விடும். பயிற்சிக்கு வருவதற்குச் சில மாதங்களுக்கு முன், சன நெரிசலான பஸ்ஸில் ஒருவன் அவளோடு உரசிக்கொண்டு நின்றிருக்கிறான். அவள் கத்தவில்லை, நகரவும் இல்லை. கையில் சட்டைப்பின் இருந்தது, அதையும் பாவிக்கவில்லை. இறங்கும் இடம் தாண்டிப் போன பிறகுதான் உடம்பு அசைந்தது. "நான் ஏன் சும்மா நின்ற?" என்ற கேள்வியோடுதான் எங்களிடம் வந்தாள். அந்தக் கேள்வி அவளைத் தின்றுகொண்டிருந்தது.

உடம்பு உறைந்து போவது கோழைத்தனம் இல்லை, சம்மதமும் இல்லை. ஸ்டொக்ஹோமில் பாலியல் வன்முறைக்கு ஆளாகிச் சிகிச்சைக்கு வந்த 298 பெண்களிடம் நடத்தி 2017இல் வெளியான ஆய்வில், 70 வீதமானோர் அந்த நேரத்தில் குறிப்பிடத்தக்க அளவு உடல் விறைத்துப் போனதாகச் சொல்லியிருக்கிறார்கள். மூளை தானாக எடுக்கும் முடிவு அது. பயிற்சியின் முதல் நாளே இதைச் சொன்னோம். சொன்னபோது அறையில் நாலைந்து பேர் அழுதார்கள். எட்டுக் கிழமையில் வேறு எதையும் செய்யாமல் இதை மட்டும் சொல்லி அனுப்பியிருந்தால்கூட அது வீண் போயிருக்காது என்று நான் நினைக்கிறேன்.

பஸ்ஸில் நடப்பது இவளுக்கு மட்டும் நடப்பதும் இல்லை. ஐக்கிய நாடுகள் சனத்தொகை நிதியம் 2015இல் நாடு முழுவதும் 2,500 பேரிடம் நடத்திய ஆய்வில், பெண்களில் 90 வீதமானோர் பஸ்ஸிலோ ரயிலிலோ ஒரு முறையாவது பாலியல் தொந்தரவுக்கு ஆளானதாகச் சொன்னார்கள். பொலிசின் உதவியை நாடியவர்கள் 4 வீதம்தான்.

சத்தம் எப்படி வந்தது

எங்கள் கரையில் தற்காப்புக் கலை புதிதல்ல. தமிழ் ஊர்களில் சிலம்பம் உண்டு, முஸ்லிம் ஊர்களில் சீனடியும் சிலம்படியும் உண்டு. அண்ணாவியார்மார் பழக்குவார்கள். ஆனால் அவை பெரும்பாலும் ஆண் பிள்ளைகளுக்கே போய்ச் சேர்ந்தன. நாங்கள் கூப்பிட்டது கராத்தே பழக்கும் ஒரு டீச்சரை.

டீச்சர் முதல் நாள் எல்லோரையும் வரிசையாக நிறுத்தி "கையை எடு!" என்று கத்தச் சொன்னார். ஒருத்தருக்கும் வரவில்லை. வந்த சத்தம் தொண்டைக்கு மேலேயே நின்றது. சிலர் வாயைப் பொத்திக்கொண்டு சிரித்தார்கள். பெண் பிள்ளை சத்தம் போட்டுக் கதைக்கக் கூடாது என்று வளர்ந்தவர்களிடம் வயிற்றிலிருந்து கத்து என்றால் எப்படி வரும்? சரி, வேறு வழி பார்ப்போம் என்று டீச்சர் எங்களைக் கேட்டார்: "வீட்டுத் தோட்டத்துக்குள்ள மாடு வந்தா என்ன செய்வீங்க?"

வாவிக்கு அக்கரையில் உள்ள படுவான்கரைப் பக்கமிருந்து கலியாணம் முடித்து வந்த ஒரு அக்கா இருந்தார். சின்ன வயதில் வயலில் குருவி கலைத்தவர். அவர் எழும்பி ஒரு சத்தம் போட்டார். வெளியே போய்க்கொண்டிருந்த சைக்கிள்காரர் பிரேக் பிடித்துத் திரும்பிப் பார்த்தார். அந்தச் சத்தம் எல்லோரிடமும் இருந்தது. கத்தரிக்கன்றைத் தின்ன வந்த மாட்டிடம் நாங்கள் வெட்கப்படுவதில்லை, "தயவுசெய்து" என்பதும் இல்லை. அன்றிலிருந்து வகுப்பில் அதற்குப் பெயரே மாடு கலைக்கிற சத்தம்தான். மதகடியில் அவள் வாயிலிருந்து வந்த "அங்கால போ" அதுதான். நாங்கள் பழக்கிய வசனம் அது இல்லை. அவள் வளவில் தினமும் சொல்கிற சொல்.

மணிக்கட்டு விடுவிப்பும் அப்படித்தான். ஒருவர் கையைப் பிடித்தால் நாம் பின்னால் இழுப்போம். இழுபறியில் பலமுள்ளவர் வெல்வார். பிடியில் பலவீனமான இடம் ஒன்று இருக்கிறது: பெருவிரல் நுனியும் மற்ற விரல் நுனிகளும் சந்திக்கிற வாசல். முழங்கையை மடித்து எதிராளி பக்கம் கொண்டுபோனால் மணிக்கட்டு அந்த வாசலுக்கு நேரே வரும். அப்போது கை உருவிக்கொண்டு வரும். ஒவ்வொரு சனிக்கிழமையும் திரும்பத் திரும்பச் செய்வித்தது இதைத்தான். உள்ளங்கையின் அடிப்பகுதியால் மூக்கில் குத்துவது, முழங்காலால் அடிப்பது, குதியால் பாதத்தை மிதிப்பது எல்லாம் பழக்கினோம். அவற்றில் ஒன்றும் அன்று தேவைப்படவில்லை. திரும்பத் திரும்பச் செய்த ஒன்றுதான் அந்த நேரத்தில் கைக்கு வந்தது.

பைக்குள் கிடந்தவை

கருவிகளைப் பற்றிப் பெண்களும் அவர்களின் வீட்டுக்காரர்களும் நிறையக் கேட்கிறார்கள். ஒன்று வாங்கிக் கொடுத்துவிட்டால் கவலை தீரும் என்று நினைக்கிறார்கள். அவளுடைய பெப்பர் ஸ்பிரேயும் ஒரு உறவினர் அப்படி வாங்கிக் கொடுத்ததுதான்.

பெப்பர் ஸ்பிரேயில் இருப்பது மிளகாயின் காரச் சாரம். கண்ணில் பட்டால் கண் தானாக மூடும், இருமல் வரும், அரை மணி நேரம் அளவில் ஆளால் ஒன்றும் செய்ய முடியாது. வேலை செய்கிற பொருள்தான், நான் மறுக்கவில்லை. ஆனால் வகுப்பில் ஒரு சோதனை செய்தோம். செடிக்குத் தண்ணீர் தெளிக்கிற போத்தலை அவரவர் பைக்குள் போட்டு, டீச்சர் நடந்து வரும்போது எடுத்து அடிக்கச் சொன்னோம். பை திறந்து, கண்டுபிடித்து, சரியான பக்கம் திருப்புவதற்குள் டீச்சர் தோளைத் தொட்டுவிட்டார். கையில் தயாராக வைத்திருந்தவர்கள் அடித்தார்கள். வாவிப் பக்கமிருந்து வந்த கச்சான் காற்று முக்கால்வாசித் தண்ணீரைத் திருப்பி அடித்தவர்களின் முகத்திலேயே கொண்டுவந்து போட்டது. அது தண்ணீர் என்பதால் துடைத்துக்கொண்டார்கள். காரச் சாரம் எண்ணெய்த் தன்மையுள்ளது, தண்ணீரில் இலேசில் கரையாது. கண்ணைக் கசக்கினால் இன்னும் எரியும். ஒழுங்கையில் எந்தப் பக்கம் காற்று வருகிறது என்று பார்த்து நிற்கத் தெரியாதவருக்கு அந்தப் போத்தல் பாதுகாப்பு இல்லை. போத்தல்களுக்குக் காலாவதித் திகதியும் உண்டு. அவளுடையதைப் பிறகு எடுத்துப் பார்த்தோம், திகதி முடிந்திருந்தது.

கத்தி வைத்துக்கொள்ளலாமா என்று ஒரு தாய் கேட்டார். வேண்டாம் என்றுதான் சொன்னோம், இன்றும் அதையே சொல்வேன். பழகாத கையிலிருந்து அது பறிபோகும், பறிபோனால் நமக்கு எதிராகவே திரும்பும். சட்டமும் இருக்கிறது. இலங்கையின் 1883ஆம் ஆண்டுத் தண்டனைச் சட்டக் கோவை 89ஆம் பிரிவிலிருந்து தற்பாதுகாப்பு உரிமையைச் சொல்கிறது. தன்னுடைய உடலையோ இன்னொருவருடைய உடலையோ காப்பதற்குச் செய்தது குற்றமாகாது. ஆனால் காத்துக்கொள்ளத் தேவையான அளவுக்கு மேல் தீங்கு செய்ய அந்த உரிமை இடம் கொடுப்பதில்லை என்று 92ஆம் பிரிவு வரம்பு போடுகிறது. உயிராபத்து, கொடுங்காயம், பாலியல் வல்லுறவு, கடத்தல் போன்றவற்றுக்கு நியாயமாகப் பயப்பட வேண்டிய நிலையில் உரிமை இன்னும் விரிவானது, அது 93ஆம் பிரிவு. கையை விடுவித்த பிறகு திரும்பிப் போய் அடிப்பது தற்காப்பு இல்லை என்பதை வகுப்பில் இரண்டு முறை சொன்னோம்.

டோர்ச்தான் அன்று பயன்பட்ட கருவி. அது ஏற்கனவே கையில் இருந்தது, எரிந்துகொண்டிருந்தது. அதனால்தான் பயன்பட்டது.

மூன்று ஊதல்

விசிலைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். முதலில் விசில் கொடுத்தபோது ஒரு விஷயத்தை யோசிக்கவில்லை. எங்கள் ஊரில் பின்னேரமானால் மைதானத்தில் பந்து விளையாட்டு. விசில் சத்தத்துக்கு ஒருவரும் திரும்பிப் பார்ப்பதில்லை. ஒரு பிள்ளை பரீட்சித்துப் பார்க்க ஒழுங்கையில் நின்று ஊதினாள், ஒரு கதவுகூடத் திறக்கவில்லை. அதனால் மூன்று நீள ஊதல் என்று வைத்துக்கொண்டோம். ஆபத்துக்கு மூன்று முறை ஒலிப்பது பல நாடுகளில் உள்ள வழக்கம். பிறகு ஒழுங்கையில் வீடு வீடாகப் போய்ச் சொன்னோம்: மூன்று ஊதலோ பெண் சத்தமோ கேட்டால் வெளி லைட்டைப் போடுங்கள், படலைக்கு வாருங்கள், "ஆரது" என்று கேளுங்கள். அவ்வளவுதான். பொல்லு எடுக்க வேண்டாம், ஆளைப் பிடிக்க வேண்டாம்.

பொல்லு வேண்டாம் என்பதற்கு ஒரு காரணம் இருக்கிறது. 2011 ஆகஸ்ட்டில் கிழக்கு முழுக்க கிறீஸ் மனிதன் பயம், அதாவது உடம்பில் கிறீஸ் பூசிக்கொண்டு ஒருவன் இரவில் பெண்களைத் தாக்க வருகிறான் என்ற பயம், பரவியது ஞாபகம் இருக்கும். பொத்துவிலிலிருந்து மட்டக்களப்பு வரை ஊர் ஊராகச் சனம் இரவிரவாகப் பொல்லும் கத்தியுமாக விழித்திருந்தது. பெண்கள் இருட்டுவதற்குள் கதவைப் பூட்டினார்கள். பிள்ளைகளைப் பள்ளிக்கு அனுப்பப் பயந்தார்கள். எங்கள் பக்கத்தில் வெளியூர்ப் புடவை வியாபாரி ஒருவரைப் பிடித்து அடித்துவிட்டார்கள். பாவம், அந்த மனிசன் தவணைக் காசு வாங்க வந்தவர். அவர் வீதியோரத்தில் உட்கார்ந்து சேட்டால் இரத்தத்தைத் துடைத்ததை நான் கண்ணால் கண்டேன். பயந்த கூட்டத்தின் கையில் ஆயுதம் இருந்தால் யாருக்கு விழும் என்று சொல்ல முடியாது. அந்த ஞாபகம் இருந்ததால்தான் ஒழுங்கையில் லைட்டும் ஆளும் மட்டும் போதும் என்று முடிவெடுத்தோம். சம்பவ இரவில் மாமி வெறுங்கையோடுதான் படலைக்கு வந்தார். அது போதுமாக இருந்தது.

நாங்கள் விட்ட பிழை

எட்டுக் கிழமையும் நாங்கள் பழக்கியது இருட்டில் வருகிற அந்நியனுக்கு எதிராக. வந்தவனோ அண்ணன் முறை. அவள் சொன்னாள்: "ஆரெண்டு தெரியாதவன் எண்டா முதல்லயே கத்தியிருப்பன் அக்கா. அண்ணா எண்டு கூப்பிட்ட வாயால எப்படிக் கத்துற?" அவன் கையைப் பிடிக்கும் வரை அவள் காத்திருந்ததற்குக் காரணம் பயம் மட்டும் இல்லை, மரியாதையும்தான். மூன்று கிழமை அவன் பின்னால் வந்ததை ஒருவரிடமும் சொல்லாததற்கும் அதுவே காரணம்.

தொகைமதிப்பு புள்ளிவிபரத் திணைக்களத்தின் 2019 ஆய்வில், கணவரோ துணைவரோ இருந்த பெண்களில் 20.4 வீதமானோர் அந்தத் துணையாலேயே உடல் ரீதியான அல்லது பாலியல் ரீதியான வன்முறைக்கு ஆளானதாகச் சொல்லியிருக்கிறார்கள். ஐந்தில் ஒருத்தி. ஆபத்து பெரும்பாலும் பேர் தெரிந்த முகத்தோடுதான் வருகிறது.

கனடாவில் மூன்று பல்கலைக்கழகங்களில் 893 முதலாம் ஆண்டு மாணவிகளோடு நடத்தி 2015இல் வெளியான ஆய்வு ஒன்று உண்டு. பன்னிரண்டு மணி நேரப் பயிற்சி. அதில் உடல் தற்காப்புக்கு ஒதுக்கியது இரண்டு மணி நேரம் அளவுதான். மிச்ச நேரம் முழுக்க, தெரிந்தவர்களிடமிருந்து வரும் ஆபத்தை நேரத்தோடு அடையாளம் காண்பது, அதை ஆபத்து என்று மனதுக்குள் ஒப்புக்கொள்ளத் தடுக்கும் தயக்கத்தைத் தாண்டுவது, தனக்கு என்ன வேண்டும் என்று தெளிவாகச் சொல்வது. ஒரு வருடத்தில், பயிற்சி பெற்றவர்களில் 5.2 வீதமானோர் வல்லுறவுக்கு ஆளானார்கள், வெறும் துண்டுப் பிரசுரம் மட்டும் பெற்ற மற்றக் குழுவில் 9.8 வீதம். கிட்டத்தட்டப் பாதி குறைந்திருக்கிறது. அடிக்கப் பழகியதை விட, தயக்கத்தோடு மல்லுக்கட்டப் பழகியதற்கே அங்கே கூடிய நேரம் போயிருக்கிறது. நாங்கள் நேர்மாறாகச் செய்திருந்தோம்.

அதன் பிறகு

மறுநாள் அம்மாவும் ஒரு மாமாவும் எங்களிடம் வந்தார்கள். முறைப்பாடு வேண்டாம் என்றார்கள். "நாலு சனம் நாலு விதமாக் கதைக்கும். நாளைக்கு இவளுக்கு ஒரு கலியாணம் வர வேணாமா?" தம்பி இனி தினமும் பஸ்ஸடிக்கு வந்து கூட்டிக்கொண்டு போவான் என்றார்கள். மூன்று கிழமை அவள் வேலைக்கே போகவில்லை. எனக்கு அதுதான் வலித்தது. கையை விடுவித்தவள் வீட்டுக்குள் அடைபட்டுக் கிடந்தாள், கையைப் பிடித்தவன் சந்தியில் நின்று தேநீர் குடித்துக்கொண்டிருந்தான்.

முறைப்பாடு செய்ய முடிவெடுத்தது அவள்தான். மணிக்கட்டில் விழுந்த தடிப்பையும் கொக்கி கீறிய இடத்தையும் அன்றிரவே மாமி போனில் படமெடுத்து வைத்திருந்தார். அறுந்த கடிகாரத்தை மறுநாள் விடிய மதகடியில் பொறுக்கி எடுத்து ஒரு உறைக்குள் போட்டு வைத்திருந்தார். பொலிஸ் நிலையத்தில் கேட்ட முதல் கேள்வி, "அந்த நேரத்தில ஏன் தனிய வந்தீங்க?" அவள் பதில் சொன்னாள்: "வேலை முடிஞ்சு வீட்ட வந்தன்." பிறகு பெண்கள் சிறுவர் பிரிவில் ஒரு பெண் உத்தியோகத்தர் இருந்து எழுதினார். தமிழில் எழுதுங்கள் என்று கேட்டோம், எழுதினார்கள். வடக்கு கிழக்கில் அரச பதிவுகள் தமிழில் பேணப்பட வேண்டும் என்பது அரசியலமைப்பின் 16ஆவது திருத்தத்தில், 1988இலேயே வந்தது. வாசித்துப் பார்த்து, ஒரு சொல்லைத் திருத்தச் சொல்லி, அதன் பிறகுதான் கையெழுத்து வைத்தாள். முறைப்பாட்டு இலக்கத்தைக் கேட்டு வாங்கினாள். பாலியல் தொந்தரவு தண்டனைச் சட்டக் கோவையின் 345ஆம் பிரிவின் கீழ் குற்றம். 1995 திருத்தத்தின்படி ஐந்து வருடம் வரை சிறை விதிக்கலாம்.

முறைப்பாடு எழுதுவதையும் வகுப்பில் பழக்கியிருக்க வேண்டும். எங்கே போவது, யாரைக் கேட்பது, எதைப் பத்திரப்படுத்துவது, பொலிசின் அவசர இலக்கமான 119க்கும் பெண்களுக்கான உதவி இலக்கமான 1938க்கும் எப்போது எடுப்பது என்று. இப்போதைய அணிக்கு அதற்கென்று ஒரு முழுச் சனிக்கிழமை வைத்திருக்கிறோம். இன்னொரு சனிக்கிழமை, முறைக்காரரிடம் "இல்லை" சொல்லப் பழக. ஒருத்தி மச்சான் மாதிரி நடிப்பாள், இன்னொருத்தி மறுக்க வேண்டும். குத்தப் பழகுவதை விட இது கஷ்டம். போன கிழமை மூன்று பிள்ளைகளுக்கு "அண்ணா" என்ற சொல்லைத் தாண்டி வசனம் வரவில்லை. திரும்பச் செய்வித்துக்கொண்டிருக்கிறோம்.

அவள் வேலைக்குப் போகிறாள். டோர்ச் கையில், விசிலைக் கழற்றி வீட்டில் வைத்துவிட்டாள். மதகடி விளக்கை, சங்கம் இரண்டு கடிதம் எழுதி ஒரு முறை நேரில் போய் நின்ற பிறகு, வந்து போட்டுவிட்டுப் போனார்கள். வழக்கு இன்னும் நடக்கிறது. ஒவ்வொரு தவணைக்கும் அவளுக்கு ஒரு நாள் சம்பளம் போகிறது. சங்கத்திலிருந்து முறை வைத்து ஒருவர் அவளோடு போகிறோம். அடுத்த தவணைக்கு நான்.